கடன்பட்டவனே வாசகம் சொல்லட்டும்

வியாபாரிகளாகிய நமக்குக் கணக்கு என்றால் இன்னதென்று எவரும் வந்து போதிக்க வேண்டியதில்லை. சிட்டையில் குறித்ததை நாள்வழியில் ஏற்றி, நாள்வழியில் உள்ளதைப் பேரேட்டில் ஆள்வாரியாகப் பிரித்து, வருஷ முடிவில் ஐந்தொகை போட்டு, பற்றும் வரவும் ஒத்துவந்தால் அல்ஹம்து லில்லாஹ் என்று ஏட்டை மூடுவது நம் பெரியவர்கள் பழக்கம். இன்று அந்த வேலையைக் கணினி செய்துவிடுகிறது. ஆனாலும் கணக்கின் தர்மம் மாறவில்லை. கொடுத்ததையும் எழுத வேண்டும், வாங்கியதையும் எழுத வேண்டும். ஒன்றை மாத்திரம் எழுதி வைத்திருப்பவனுடைய ஏட்டை எந்தப் பஞ்சாயத்தும் ஒப்புக்கொள்ளாது.

இந்தச் சாதாரண தர்மத்தை உலக சரித்திரம் என்னும் பெரிய கணக்கிலும் நாம் அனுசரிக்கிறோமா என்பதே ஈண்டு நாம் எடுத்துக்கொண்ட விசாரணை.

விசாரணைக்குக் காரணம் உண்டு. ஜும்ஆ தொழுகை முடிந்து பள்ளிவாசல் முற்றத்தில் நிற்கையில் இரண்டு விதமான பேச்சுகள் காதில் விழுகின்றன. பெரியவர்களில் சிலர், "வெள்ளைக்காரனிடம் இருக்கிற கணிதம், வைத்தியம், வானசாஸ்திரம் எல்லாம் நம்முடையவைதாமே! பக்தாதிலிருந்தும் குர்துபாவிலிருந்தும் எடுத்துக்கொண்டு போனவைதாமே!" என்கிறார்கள். கல்லூரியில் படிக்கும் பிள்ளைகளில் சிலரோ, "இந்த நவீன உலகத்தில் நமக்கு என்ன பங்கு இருக்கிறது, வாப்பா? நாம் ஓதிக்கொண்டிருந்தோம், அவர்கள் கண்டுபிடித்துக்கொண்டிருந்தார்கள்" என்கிறார்கள். முதல் பேச்சு கேட்கச் சுகமாக இருக்கிறது. இரண்டாவது பேச்சு சுருக்கென்று குத்துகிறது. ஆனால் இரண்டாலும் வரும் நஷ்டம் ஒன்றேதான். எல்லாவற்றையும் தாத்தா சம்பாதித்துவிட்டார் என்று நம்பும் பேரன் கடைக்கு நேரத்தோடு வரமாட்டான். தாத்தா ஒன்றுமே சம்பாதிக்கவில்லை என்று நம்பும் பேரன் கடைப் பலகையிலிருந்து அவர் பெயரை எடுத்துவிடுவான்.

திருக்குர்ஆனிலே மிக நீண்ட ஆயத்து எது என்று மதரஸாவில் ஓதும் பிள்ளைகளைக் கேட்டால் உடனே சொல்லிவிடுவார்கள். அது தொழுகையைப் பற்றியதன்று, நோன்பைப் பற்றியதன்று. கடன் கொடுக்கல் வாங்கலைப் பற்றியது. ஸூரத்துல் பகராவின் 282-ஆம் ஆயத்து அது. தவணை வைத்துக் கடன் கொடுத்து வாங்கினால் எழுதிக்கொள்ளுங்கள், எழுதத் தெரிந்தவர் எழுத மறுக்க வேண்டாம், சாட்சி வைத்துக்கொள்ளுங்கள், தொகை சிறிதானாலும் பெரிதானாலும் எழுதச் சோம்பாதீர்கள் என்று நம் தொழிலின் நுணுக்கமெல்லாம் அறிந்து உபதேசிக்கிறது. அதற்குள்ளே ஒரு கட்டளை இருக்கிறது. ஓதுகிறபோது நம்மில் பலர் அதைக் கவனியாமல் தாண்டிப்போகிறோம். எழுத்துக்காரனுக்கு வாசகம் சொல்ல வேண்டியவன் யார்? கடன் கொடுத்தவன் அல்லன், கடன்பட்டவன். அவன் அல்லாஹ்வுக்கு அஞ்சி, எதையும் குறைக்காமல் சொல்ல வேண்டும் என்பது ஹுக்மு.

நாம் கடையில் செய்வது இதற்கு நேர்மாறு. கொடுத்த நாமே எழுதுகிறோம், வாங்கியவர் கையெழுத்துப் போடுகிறார். அது நடைமுறை வசதி. ஆனால் ஆயத்தின் நுட்பத்தை யோசித்துப் பாருங்கள். கொடுத்தவன் சொன்னால் அது தஃவா, அதாவது வழக்கு. அதற்கு ருசு வேண்டும். வாங்கியவன் தன் வாயால் சொன்னால் அது இக்ரார், அதாவது ஒப்புதல். தனக்குப் பாரமாகும் வார்த்தையைத் தானே சொல்பவனை மறுபடி விசாரிக்க வேண்டிய அவசியம் என்ன?

இந்த அளவுகோலை வைத்துக்கொண்டு நவீன உலகத்தின் வேரைத் தேடுவோம். எல்லாவற்றையும் தேட நமக்குக் கல்வியும் இல்லை, இதழில் இடமும் இல்லை. ஆகவே ஒரே ஒரு சரக்கை எடுத்துக்கொண்டு, அது எந்தெந்தக் கிட்டங்கி வழியாக நம் கைக்கு வந்தது என்று பார்ப்போம். நாம் தினமும் பில்லில் எழுதும் எண்களே அந்தச் சரக்கு.

பழைய தமிழ்க் கணக்கேடுகளைப் பார்த்தவர்களுக்குத் தெரியும். பத்துக்கு ௰, நூற்றுக்கு ௱, ஆயிரத்துக்கு ௲ என்று தனித்தனிக் குறிகள். மாகாணி, காணி, முந்திரி என்று பின்னங்கள் வேறு. முந்திரி என்பது 320-இல் ஒரு பங்கு. அவ்வளவு நுணுக்கமாகக் கணக்குப் பார்த்த முன்னோர், இப்பொழுது நாம் எழுதும் 1, 2, 3 என்ற உருவங்களை ஆங்கில எண் என்றே அழைத்தார்கள். கப்பலில் வந்த துணியைப்போல எண்ணும் சீமையிலிருந்து வந்தது என்பது அவர்கள் எண்ணம். ஆனால் அந்தச் சரக்கு புறப்பட்ட துறைமுகம் சீமை அன்று.

628-ஆம் ஆண்டில், இன்றைய ராஜஸ்தானத்திலுள்ள பின்மால் என்ற ஊரைச் சேர்ந்த பிரம்மகுப்தர் ஒரு வானசாஸ்திர நூல் எழுதினார். சூனியத்தோடு ஒன்றைக் கூட்டினால் என்ன, கழித்தால் என்ன, பெருக்கினால் என்ன என்று விதி வகுத்தவர் அவர். ஒன்றுமில்லாததையும் ஓர் எண்ணாகக் கொண்டது சின்ன விஷயமன்று. அந்நூலில் மிகுதியான எண்ணுக்கு அவர் இட்ட பெயர் தனம். குறைவான எண்ணுக்கு இட்ட பெயர் ருணம், அதாவது கடன். ரிஷிகள் பாஷையில் எழுதிய பெரியவருக்கும் கணக்கென்றதும் கடைத்தெருதான் ஞாபகம் வந்திருக்கிறது!

அந்நூல் தோன்றி 34 ஆண்டுகளில், 662-இல், யூப்ரடீஸ் நதிக்கரையில் இருந்த ஒரு கிறிஸ்தவ மடத்தில் செவெருஸ் செபோக்த் என்ற சிரியாக் பாஷைப் பாதிரியார், இந்தியர் ஒன்பது குறிகளைக்கொண்டு கணக்கிடும் முறையை வியந்து எழுதினார். கிரேக்கம் பேசுவதாலேயே அறிவின் எல்லையைக் கண்டுவிட்டோம் என்று எண்ணிக்கொள்பவர்கள் இதையும் தெரிந்துகொள்ளட்டும் என்பது அவர் எழுதியதன் கருத்து. இந்தப் பெருமை நோய் எந்தக் காலத்திலும் எந்த ஜாதியாரிடத்திலும் இருந்திருக்கிறது என்பதற்கு அவரே சாட்சி.

பிறகு பக்தாது. கலீபா மன்ஸூர் காலத்தில் இந்திய வானசாஸ்திரம் அரபுக்குப் பெயர்க்கப்பட்டது. கலீபா மஃமூன் 813 முதல் 833 வரை ஆண்டார்; அவர் ஆதரவில் பணிபுரிந்தவர்களில் ஒருவர் முஹம்மது இப்னு மூஸா அல்குவாரிஸ்மி. அவருடைய அல்ஜப்ர் என்ற நூலின் பெயரால்தான் உலகம் முழுவதும் அல்ஜீப்ரா என்கிறது. அந்நூலை எதற்காக எழுதினாராம்? வாரிசுப் பங்கீடு, மரண சாசனம், பாகப்பிரிவினை, வழக்கு, வியாபாரம், நிலம் அளத்தல், கால்வாய் வெட்டுதல் ஆகியவற்றில் மக்களுக்குத் தேவைப்படும் கணக்கு இது என்று முகவுரையில் தெரிவிக்கிறார். நூலின் கடைசிப் பெரும்பகுதி மரண சாசனக் கணக்குகளே. ஃபராயிள் சட்டப்படி இன்னாருக்கு இத்தனை பங்கு என்று பிரித்துக்கொடுக்க வேண்டிய மார்க்கக் கடமையும் சேர்ந்துதான் அந்த சாஸ்திரத்துக்கு வேலை கொடுத்தது என்பதை, மார்க்கம் வேறு அறிவு வேறு என்று பேசும் நம் இளைஞர்கள் சற்றுக் கவனிக்க வேண்டும். இன்று அவர்கள் கைப்பேசியில் எந்தப் படம் முன்னால் வர வேண்டும் என்று தீர்மானிக்கிறதே அல்காரிதம், அந்தச் சொல்லும் அவருடைய பெயர்தான்; லத்தீன் வாயில் விழுந்து நெளிந்துபோன பெயர்.

ஆனால் நாம் சொல்ல வந்த விஷயம் அவருடைய மற்றொரு நூல். எண்களைக்கொண்டு கணக்கிடும் முறையைப் பற்றியது. அதில் அவர் அந்த முறையை இந்தியருடைய கணக்கு என்றே அறிமுகப்படுத்துகிறார். கலீபாவின் சபையில் இருந்தவர். அக்காலத்தில் பக்தாதைவிடப் பெரிய நகரம் அந்தத் திசையிலேயே இல்லை. தாமே கண்டதாகச் சொல்லியிருந்தால் மறுத்துப் பேச யார் வந்திருப்பார்கள்? கடன்பட்டவர் தாமே வாசகம் சொன்னார்.

சரக்கு மேற்கே போகிறது. பீசா என்ற இத்தாலிய நகரத்து வியாபாரிகளுக்கு, இன்று அல்ஜீரியாவிலுள்ள பிஜாயா துறைமுகத்தில் ஒரு சுங்கச் சாவடி இருந்தது. அங்கே கணக்குப் பார்த்துக்கொண்டிருந்த ஒருவர் தம் மகனையும் அழைத்துக்கொண்டார். தகப்பன் வெளியூரில் கடை வைத்துப் பிள்ளையைத் தருவித்து வேலை பழக்குவது நமக்குப் புதிய கதையன்று. நம் சமூகம் இந்தக் கரைக்கு வந்ததே அப்படித்தான். அந்தப் பிள்ளையின் பெயர் லியோனார்தோ. பிற்காலத்தார் ஃபிபோனாச்சி என்றார்கள். பிஜாயாவில் முஸ்லிம்களிடையே இந்தக் கணக்கைப் பயின்று, எகிப்து, சிரியா, கிரேக்கம், ஸிஸிலி என்று வியாபாரத்துக்குப் போன இடமெல்லாம் கேட்டுத் தெரிந்துகொண்டு, 1202-இல் ஒரு பெரிய நூல் எழுதினார். அதில் சரக்கு விலை, பண்டமாற்று, கூட்டு வியாபாரத்தில் லாபம் பிரிப்பது, ஒரு தேசத்து நாணயத்தை மற்றொரு தேசத்து நாணயமாக மாற்றுவது எல்லாம் உண்டு. அவரும் ஒளிக்கவில்லை. இவை இந்தியரின் ஒன்பது உருவங்கள், இவற்றோடு சேரும் குறியை அரபியர் ஸிஃப்ர் என்பார்கள் என்று எடுத்த எடுப்பிலேயே தெரிவித்துவிட்டார்.

அந்த ஸிஃப்ர் என்ற சொல்லே இத்தாலியர் வாயில் தேய்ந்து ஜீரோ ஆயிற்று. சூனியம் என்பதற்கு வெறுமை என்பது பொருள். ஸிஃப்ர் என்பதற்கும் அதுவே பொருள். இங்கே மலாய் மொழியில் பூஜ்யத்துக்கு ஸிஃபார் என்றும், பெருக்கல் வாய்ப்பாட்டுக்கு ஸிஃபிர் என்றும் பெயர். நம் பிள்ளைகள் பள்ளிக்கூடத்தில் இதைப் பாடம் செய்கிறபோது எத்தனை தேசத்துக் கைகள் பட்ட சொல்லை உச்சரிக்கிறார்கள் என்பது அவர்களுக்குத் தெரியாது. நாமும் சொல்வதில்லை.

வரவேற்பு மாத்திரம் சுலபமாகக் கிடைக்கவில்லை. 1299-இல் ஃபுளோரன்ஸ் நகரத்து நாணயமாற்றுக்காரர் சங்கம், கணக்கேட்டில் தொகையை இந்தப் புதிய எண்களால் எழுதக்கூடாது, எழுத்தால் எழுத வேண்டும் என்று சட்டம் போட்டது. பூஜ்யத்தை 6 என்றோ 9 என்றோ எளிதில் திருத்திவிடலாம் என்ற பயம் காரணமென்பார்கள். நம்மவரில் நாணயமாற்றுத் தொழில் செய்பவர் பலர் இருக்கிறார்கள். அவர்கள் இந்தச் சங்கத்தாரைக் கண்டு சிரிக்கமாட்டார்கள் என்று நினைக்கிறோம். செக்கில் தொகையை எண்ணாலும் எழுத்தாலும் எழுதும் வழக்கத்தில் அந்தப் பயத்தின் நிழல் இருக்கத்தான் செய்கிறது.

1494-இல் வெனிஸ் நகரில் லூக்கா பாச்சோலி என்ற கிறிஸ்தவத் துறவி அச்சிட்ட கணித நூலில் வியாபாரக் கணக்கு முறை விரிவாக இருக்கிறது. மூன்று ஏடுகள் வைத்துக்கொள்ளச் சொல்கிறார்; அவை நம்முடைய சிட்டை, நாள்வழி, பேரேடு என்ற மூன்றுக்கும் நேரானவை. ஒவ்வொரு தொகையையும் பற்றிலும் வரவிலுமாக இரண்டிடத்தில் எழுதும் அம்முறையைத் தாம் கண்டதாக அவர் சொல்லவில்லை. வெனிஸ் வியாபாரிகள் செய்வதை எழுதுகிறேன் என்றார். கணக்கைத் தொடங்குகையில் இறைவன் பெயரை எழுதித் தொடங்கவும் சொல்கிறார். 786 போட்டு ஏட்டைத் தொடங்கிய நம் பெரியவர்களும், உலகத்தின் அந்தக் கோடியில் இருந்த துறவியும் ஒரே பயத்தோடு பேனாவைத் தொட்டிருக்கிறார்கள்.

இப்பொழுது பெயர்களைக் கவனியுங்கள். 1, 2, 3 என்ற உருவங்களுக்கு ஐரோப்பியர் இட்ட பெயர் அரபு எண்கள். முஸ்ஹபில் ஆயத்துகளின் இலக்கமாக நாம் பார்க்கும் அரபு உருவங்களுக்கு அரபியர் இட்ட பெயர் இந்திய எண்கள். வாங்கியவர் ஒவ்வொருவரும் தமக்குக் கொடுத்தவரின் பெயரையே சரக்குக்குச் சூட்டியிருக்கிறார்கள். கையெழுத்துப் போட்ட ரசீது இதைவிட வேறென்ன வேண்டும்?

காகிதத்தின் கதையும் இத்தன்மையதே. சீனத்தில் பிறந்து, சமர்க்கந்து வழியாக வந்து, எட்டாம் நூற்றாண்டின் இறுதிக்குள் பக்தாதில் ஆலை வைத்துச் செய்யப்பட்டு, பின்னர் ஸ்பெயினுக்கும் இத்தாலிக்கும் போயிற்று. நாம் ஒரு ரீம் காகிதம் வாங்குகிறோமே, அந்த ரீம் என்பது ரிஸ்மா என்ற அரபுச் சொல். கட்டு என்று பொருள். தமிழில் நாம் சொல்லும் அசல், பாக்கி, வசூல், ஜாமீன் ஆகியவையும் அரபிலிருந்து வந்தவையே. இதை விரித்துக்கொண்டே போகலாம், போகவில்லை.

ஏனெனில், இதுவரை கூறியவற்றை மாத்திரம் கேட்டால் எல்லோரும் யோக்கியர்களாக நடந்துகொண்டதுபோலத் தோன்றும். அப்படியும் இல்லை. பதினோராம் நூற்றாண்டில் வட ஆப்பிரிக்காவிலிருந்து இத்தாலிக்குப் போன கான்ஸ்டன்டைன் என்பவர், மோந்தே கஸீனோ மடத்தில் துறவியாகி, அரபு வைத்திய நூல்களை லத்தீனில் பெயர்த்தார். முதலில் வியாபாரியாக இருந்தவர் என்று அவரைப்பற்றிச் சொல்லப்படுவது நமக்குச் சற்றுக் கூச்சமாகவே இருக்கிறது. அலீ இப்னு அப்பாஸ் அல்மஜூஸி என்ற பெரிய ஹகீம் எழுதிய நூலைப் பெயர்த்து, மூல ஆசிரியர் பெயரை விட்டுவிட்டு, தம் பெயரில் வெளியிட்டார் அவர். ஐரோப்பிய வைத்தியர்கள் அதை வைத்துக்கொண்டு படித்தார்கள். 1127-இல் அந்தியோக்கியாவில் இருந்த ஸ்டீபன் என்ற இத்தாலியர் அதே நூலைப் புதிதாகப் பெயர்த்தார். கான்ஸ்டன்டைன் ஆசிரியர் பெயரை மறைத்ததையும், நூலைச் சிதைத்ததையும் வெளிப்படையாகக் கண்டித்தார். சிலுவைப் போர்க்காரர் கையில் அந்தியோக்கியா இருந்த காலம் அது. அந்தக் காலத்தில் ஒரு கிறிஸ்தவர், மற்றொரு கிறிஸ்தவருக்கு எதிராக, இறந்துபோன ஓர் ஈரானிய ஹகீமின் ஹக்குக்காகச் சாட்சி சொல்லியிருக்கிறார்.

இந்த ஸ்டீபனைப்பற்றி நம் மேடைகளில் யாரும் பேசி நாம் கேட்டதில்லை. திருடியவனைப்பற்றி நிறையக் கேட்டிருக்கிறோம்.

சரி, நம் பக்கத்துக் கடன் என்ன? பக்தாதில் கிரேக்க நூல்களைப் பெயர்த்தவர்களில் தலைசிறந்தவரான ஹுனைன் இப்னு இஸ்ஹாக் ஒரு கிறிஸ்தவர். தாபித் இப்னு குர்ரா ஹர்ரான் நகரத்து ஸாபியீ. அவர்களுடைய உழைப்பின்மேல் நின்றவர்கள்தாம் நம் ஹகீம்கள். அல்கிந்தி என்ற தத்துவ ஞானி, உண்மை எவ்வளவு தூர தேசத்தாரிடமிருந்து வந்தாலும் அதை ஏற்க வெட்கப்படலாகாது என்ற கருத்தைத் தம் நூலின் தொடக்கத்திலேயே வைத்தார். மேலே சொன்ன அல்மஜூஸியும் தம் முகவுரையில் கிரேக்க வைத்தியர் முதற்கொண்டு தமக்கு முன் எழுதியவர்களை வரிசையாகப் பெயர் சொல்லிச் சீர்தூக்கினார். ஹதீது கலையில் ஸனது இல்லாத செய்தியை ஏற்கமாட்டோம். இன்னாரிடமிருந்து இன்னார் கேட்டார் என்று சங்கிலி வேண்டும். அந்தப் பயிற்சியில் ஊறிய சமூகத்துக்கு, அறிவு எங்கிருந்து வந்தது என்று சொல்வது குறைவாகத் தோன்றவில்லை.

அச்சு விஷயத்தில் நடந்தது வேறு. ஜெர்மனியில் கூட்டன்பர்க் 1450-களில் அச்சிடத் தொடங்கினார். 1493-க்குள் இஸ்தான்புல்லிலேயே யூதர்கள் தங்கள் பாஷையில் அச்சடித்துவிட்டார்கள். ஆனால் முஸ்லிம் ஒருவர், இப்ராஹீம் முதஃபர்ரிகா, அந்நகரில் அனுமதி பெற்றுத் தம் முதல் நூலை வெளியிட்டது 1729-இல். சீனத்திடம் காகிதத்தைக் கூசாமல் வாங்கிய சமூகம், ஐரோப்பாவிடம் அச்சை வாங்க இத்தனை காலம் யோசித்தது. காரணங்களைப்பற்றி அறிஞர்கள் பலவிதமாக எழுதுகிறார்கள். வியாபாரி கண்ணுக்குத் தெரிவது இவ்வளவுதான்: விற்றுப் பழகியவன் ஒரு கட்டத்தில் கொள்முதலுக்குப் போவதைக் கௌரவக் குறைவாக நினைத்தால், கடையில் பழைய சரக்கே இருக்கும். நம் தமிழ் முஸ்லிம்கள் அப்படி இருந்துவிடவில்லை என்பது ஆறுதல். 1887-இல் சிங்கப்பூரில் மகுதூம் சாயபு அவர்கள் 'சிங்கைநேசன்' என்ற தமிழ்ப் பத்திரிகையைத் தொடங்கி நடத்தினார்கள். வெள்ளைக்காரன் கொண்டுவந்த யந்திரம் என்று அவர்கள் ஒதுங்கியிருந்தால், இந்த இதழ் போன்றவைக்கு வழி ஏது?

இங்கே ஓர் ஆட்சேபம் எழும். அறிவைக் கடன் என்று பேசுவதே பொருந்துமா? ஒரு மூட்டை அரிசி கடன் கொடுத்தால் நம் கிட்டங்கியில் ஒரு மூட்டை குறைகிறது. பிரம்மகுப்தரின் சூனியத்தைப் பக்தாது வாங்கியதால் இந்தியாவில் சூனியம் குறைந்துவிட்டதா? இல்லை. கொடுத்தவனிடம் குறையாத பொருளுக்குக் கடன் என்ன, பாக்கி என்ன?

ஆட்சேபம் நியாயமானதே. ஆகையால்தான் அறிவுக் கடனுக்குப் பொருளால் ஈடு செய்வது கிடையாது. எங்கிருந்து வாங்கினோம் என்று சொல்வதும், கேட்டு வருபவருக்கு மறைக்காமல் கொடுப்பதுமே அதற்குரிய ஈடு. இதற்குமேல் எவரும் கேட்கவும் முடியாது. நம்மில் சிலர் கேட்கிறார்கள். ஆயிரம் ஆண்டுக்குமுன் முதல் கொடுத்தோம், ஆகவே ஐரோப்பா காலமெல்லாம் நமக்குத் தலைகுனிந்து நிற்க வேண்டும் என்கிறார்கள். கொடுத்த முதலைக்கொண்டு அவர்கள் நியூட்டனையும், நீராவி யந்திரத்தையும், இன்னும் எத்தனையோ காரியங்களையும் தங்கள் உழைப்பால் பெருக்கியிருக்கிறார்கள். முதலைக் கொடுத்தவன் அந்தப் பெருக்கத்திலும் பங்கு கேட்பதற்குக் கடைத்தெருவில் என்ன பெயர்? வட்டி. நமக்கு ஹராம் என்று எல்லோரும் அறிவார்கள்.

வாரிசு விஷயமும் இருக்கிறது. அல்குவாரிஸ்மி எங்கள் முன்னோர் என்கிறோம். மார்க்கத்தால் சகோதரர், உண்மை. ஆனால் அவர் குவாரிஸ்ம் தேசத்தார், பக்தாதில் வாழ்ந்தார். நாம் தமிழ் பேசுபவர்கள். ஃபராயிளில் மார்க்கம் ஒன்றாயிருப்பதால் மாத்திரம் பங்கு வராது. பூமியை வைத்துப் பார்த்தால் நாம் இந்தியக் கணக்கைக் கொடுத்தவர் பக்கம் அல்லவா நிற்க வேண்டும்? அங்கேயும் பின்மால் எங்கே, நம் காயல்பட்டினமும் நாகூரும் எங்கே? ஆக, வாரிசு என்று உரிமை கொண்டாடுவதானால் வெகு நிதானமாகப் பேச வேண்டியிருக்கிறது. அப்படியே வாரிசு என்று வைத்துக்கொண்டாலும் சட்டம் என்ன சொல்கிறது? மையித்தின் சொத்தில் முதலில் கபன் செலவு, அடுத்துக் கடன், அதற்குமேல் வஸிய்யத்து, மீதியே வாரிசுகளுக்கு. அல்குவாரிஸ்மியின் புகழைப் பங்கு கேட்டு வருபவர், அவர் இந்தியருக்கு ஒப்புக்கொண்ட கடனையும் அவருக்கு முந்தியவர்கள் கிரேக்கருக்கும் சிரியாக் கிறிஸ்தவருக்கும் பட்ட கடனையும் முதலில் எடுத்துவைத்துவிட்டுத்தான் சொத்தில் கைவைக்கலாம்.

அப்படியானால் நம் பிள்ளைகளுக்கு நம்மவர் செய்த காரியங்களைச் சொல்லவே கூடாதா, வெள்ளைக்காரன் மறந்ததை நாம் வாய்மூடிக் கேட்டுக்கொண்டிருப்பதா என்று கேட்பார்கள். சொல்லத்தான் வேண்டும். அந்த ஆயத்திலேயே சாட்சிகளுக்கும் இடம் இருக்கிறது. சாட்சிகள் அழைக்கப்பட்டால் மறுக்கலாகாது என்றும் இருக்கிறது. ஆனால் சாட்சிக்காரன் வேறு, வழக்குக்காரன் வேறு. சாட்சி தனக்குச் சாதகமானதையும் பாதகமானதையும் சேர்த்துச் சொல்கிறான். நம் வார இறுதி வகுப்புகளில் பிள்ளைகளுக்கு இஸ்லாமிய நாகரிகம் உலகுக்கு அளித்தவை என்று ஒரு பட்டியலை மனனம் செய்விக்கிறோம். நல்லது. அதே கரும்பலகையில் பக்கத்தில் ஒரு கோடு போட்டு, பெற்றவை என்று மற்றொரு பட்டியலும் எழுத வேண்டும். பிரம்மகுப்தர், ஹுனைன், பெயர் தெரியாத சீனக் காகிதத் தொழிலாளி ஆகியோரும், அம்மை குத்துவதைக் கண்ட ஜென்னரும் அந்தப் பலகையில் இருக்கட்டும். கல்லூரிப் பிள்ளை கேட்ட கேள்விக்கும் அந்தப் பலகைதான் பதில். இத்தனை பேர் வந்துபோன கடையில் உன் பாட்டனாருக்கும் ஒரு பக்கம் இருக்கிறது, ஆனால் முழு ஏடும் அவருடையதன்று என்பதை அவன் கண்ணால் பார்க்கலாம்.

கடைசியாக ஒரு தகவல். இந்திய எண்களைப்பற்றி அல்குவாரிஸ்மி எழுதிய நூலின் அரபு மூலம் இன்று எங்கும் இல்லை. நம்மிடமிருந்த பத்திரம் தொலைந்துபோயிற்று. லத்தீன் பிரதிதான் கிடைத்திருக்கிறது. இங்கிலாந்தில் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழக நூலகத்தில் இருந்த ஏட்டை 1857-இல் ரோமாபுரியில் அச்சிட்டு வெளியிட்டார்கள். குர்துபாவின் இப்னு ருஷ்து, பிளேட்டோவின் அரசியல் நூலுக்கு எழுதிய உரையும் அரபில் இல்லை. யூதர்கள் ஹீப்ருவில் பெயர்த்து வைத்திருந்ததால் தப்பியது. கேம்பிரிட்ஜ் ஏட்டில் அந்த லத்தீன் எழுத்துக்காரர், தமக்குத் தெரியாத ஊரில், தமக்குத் தெரியாத மார்க்கத்தில் பிறந்த மனிதர் ஒருவரின் வார்த்தை இது என்று சொல்லித்தான் முதல் வரியைத் தொடங்குகிறார். அங்கே அல்குவாரிஸ்மியின் பெயர் இருக்கிறது.